நீதியரசர் முத்துசாமி ஐயர்: மலையகத்திலிருந்து ஒரு நோக்கு

கல்வியின் பெருமையைச் சிறுவர்க்கு உணர்த்த விரும்புவோர் எடுத்துக்கூறும் கதைகளுள் ஒன்று, தெருவிளக்கின் கீழிருந்து படித்துப் பின்னாளில் உயர்நீதிமன்ற நீதிபதியாக விளங்கிய ஓர் ஏழைச் சிறுவனின் கதையாகும். அச்சிறுவனே சென்னை உயர்நீதிமன்றத்தில் அமர்ந்த முதல் இந்திய நீதியரசரான சேர் திருவாரூர் முத்துசாமி ஐயர் (1832-1895) ஆவார். வலப்பனைப் பகுதியிலே தோட்டப் பாடசாலையொன்றில் யான் கற்ற காலத்தில் எமது ஆசிரியர் இக்கதையை உருக்கமாகக் கூறினார். கதை முடிந்ததும் பின்வாங்கிலிருந்த என் நண்பன் எழுந்து, "நம்ம தோட்டத்துல தெருவெளக்கே இல்லையே சேர்" என்றான். வகுப்பு முழுவதும் சிரித்தது. ஆசிரியரும் சிரித்துவிட்டு அடுத்த பாடத்துக்குச் சென்றார்.

பின்னர் பல்கலைக்கழகத்தில் வரலாற்றை ஒரு பாடமாகக் கற்கத் தொடங்கியபோது அக்கேள்வி வேடிக்கையானதன்று என்பது புலனாயிற்று. தனிமனிதனின் விடாமுயற்சியை மட்டும் கூறும் கதை, அம்முயற்சி பயன்தருவதற்கு எவை துணைநின்றன என்பதைக் கூறுவதில்லை. முத்துசாமி ஐயர் பிறந்த தஞ்சை மாவட்டம், மலையக மக்களின் முன்னோர் பலர் புறப்பட்டு வந்த மாவட்டங்களுள் ஒன்று. ஐயர் நீதித்துறையில் படிப்படியாக உயர்ந்த அதே ஆண்டுகளிலேதான் அம்மக்கள் கடல் கடந்து கண்டிச் சீமையின் கோப்பித் தோட்டங்களை வந்தடைந்தனர். ஆகவே அவரது வாழ்க்கையை மலையகத்திலிருந்து நோக்கும் ஒருவனுக்கு இரு வினாக்கள் எழுகின்றன. அவரை உயர்த்திய ஏணி எது? அவர் அமர்ந்த ஆசனத்தால் சட்டத்தின் இயல்பு எவ்வளவு தூரம் மாறிற்று? அவரைப் புகழ்வதோ குறைகூறுவதோ இக்கட்டுரையின் நோக்கமன்று. இவ்விரு வினாக்களுக்கும் விடைகாண முயல்வதே இதன் நோக்கமாகும்.

இளமையும் கல்வியும்

முத்துசாமி ஐயர் 1832ஆம் ஆண்டு ஜனவரி 28ஆம் திகதி தஞ்சை மாவட்டத்து உச்சுவாடி என்னும் சிற்றூரில் வறிய பிராமணக் குடும்பமொன்றிற் பிறந்தார். இளமையிலேயே தந்தையை இழந்த அவர், தாயுடன் திருவாரூரில் வாழ நேர்ந்தது. குடும்பத்தைத் தாங்கும் பொருட்டு ஊர்க் கணக்கரிடம் மாதம் 1 ரூபா சம்பளத்திற்கு உதவியாளராக அமர்ந்தார். இச்செய்தி அவரது வறுமைக்குச் சான்றாகவே பொதுவாக எடுத்துக்காட்டப்படுவதுண்டு. எனினும் இதிலே மற்றோர் உண்மையும் அடங்கியுள்ளது. நிலவரியையே தன் வருவாயின் முதுகெலும்பாகக் கொண்ட கும்பனி ஆட்சியில், ஊர்க் கணக்கு என்பது அரசுக்கும் குடியானவனுக்கும் இடைப்பட்ட வாசலாக விளங்கிற்று. நஞ்சை எது, புஞ்சை எது, யார் பெயரில் எவ்வளவு நிலம், எந்த வாய்க்காலின் நீர் எந்த வயலுக்குப் பாய்கிறது என்பனவெல்லாம் அக்கணக்கிலேயே பதிவாயின. பிற்காலத்தில் நிலவழக்குகளை ஆராயப்போகும் ஒருவருக்கு இதனினும் சிறந்த முதற்பாடம் கிடைத்திருக்க முடியாது.

இவ்வேலையில் இருந்தபோதே தாசில்தார் முத்துசாமி நாயக்கர் என்பவரின் கண்ணிற் சிறுவன் பட்டான். ஆற்றுக்கரையில் உடைப்பு ஏற்பட்டதாகச் செய்தி வந்தபோது, ஏனையோர் இல்லாத நேரத்தில் இச்சிறுவனே சென்று பார்த்துச் சேதத்தின் விவரங்களைப் பிழையின்றித் திரட்டிவந்து தாசில்தாரிடம் கூறினான் என்று அவரது வரலாற்றை எழுதினோர் குறிப்பிடுவர். நாயக்கரின் ஆதரவினால் நாகப்பட்டினத்தில் ஆங்கிலக் கல்வி தொடங்கிற்று. பின்னர் சென்னைக்கு அனுப்பப்பட்ட ஐயர், பவெல் என்னும் ஆங்கிலக் கல்விமானின் தலைமையில் இயங்கிய உயர்நிலைப் பள்ளியிற் பயின்றார். 1841இல் தொடங்கப்பெற்ற அப்பள்ளியே பின்னர் மாநிலக் கல்லூரியாக வளர்ந்தது. 1854ஆம் ஆண்டில் சென்னை மாகாணம் முழுவதற்கும் பொதுவாக நடத்தப்பெற்ற ஆங்கிலக் கட்டுரைப் போட்டியில் ஐயர் 500 ரூபா பரிசு பெற்றார். கணக்கரிடம் பெற்ற சம்பளத்தோடு ஒப்பிட்டால் இது 500 மாதங்களின் கூலி. அதாவது நாற்பத்தோராண்டுக்கும் மேற்பட்ட உழைப்பின் பெறுமதி. புதிய கல்வி புதிய ஆட்சியில் எத்தகைய நாணயமாக மதிப்புப் பெற்றிருந்தது என்பதற்கு இவ்வொரு கணக்கே போதிய சான்றாகும்.

இதுகாறும் கூறியவற்றைத் தொகுத்து நோக்கினால், அவரது உயர்வுக்கு மூன்று படிகள் இருந்தமை தெளிவாகும். எழுத்தும் கணக்கும் வழிவழியாகப் பயின்றுவந்த சாதியிற் பிறந்தமை முதலாவது படி. அதிகாரத்தில் இருந்த ஒருவரின் கண்ணிற் படத்தக்க இடத்தில் வேலை செய்தமை இரண்டாவது. வாசல் திறந்திருந்த பள்ளி மூன்றாவது. வறுமை இருந்தது, ஆயின் வழியும் இருந்தது. அதே தஞ்சையில் பண்ணையாட்களாக வாழ்ந்த மக்களுக்கு மாதம் 1 ரூபா பெறும் கணக்கு வேலைகூட எட்டாக்கனியாகும். இந்தியாவில் அடிமை நிலையைச் சட்டம் ஏற்பதில்லை என்று 1843ஆம் ஆண்டின் சட்டம் விதித்தபோது ஐயருக்கு வயது பதினொன்று. சட்டம் அடிமைத்தனத்தை மறுத்தது உண்மையே. ஆனால் நிலமற்றவனின் கையில் நிலத்தையோ ஏட்டையோ அது கொடுக்கவில்லை. பின்னர் இராமேசுவரம் வழியே கடல் கடந்து, மன்னாரிலிருந்து மாத்தளைவரை காட்டுவழியே நடந்து வந்தோரில் இத்தகைய மக்களே பெருந்தொகையினர்.

முன்சீப்பு முதல் நீதவான் வரை

பரிசு பெற்ற இளைஞர் தஞ்சைக்குத் திரும்பிச் சில காலம் அரசாங்க அலுவலகத்திலும் பாடசாலைகளைப் பார்வையிடும் பணியிலும் ஈடுபட்டார். பின்னர் வழக்குரைஞருக்கான பரீட்சையில் தேறி, 1856ஆம் ஆண்டில் தரங்கம்பாடியில் மாவட்ட முன்சீப்பாக நியமனம் பெற்றார். தரங்கம்பாடி 1845வரை தேனியர் என்னும் தென்மார்க்கு நாட்டினரின் வசமிருந்த துறைமுக நகராகும். பழைய ஆட்சியின் பத்திரங்களும் புதிய ஆட்சியின் சட்டங்களும் கலந்து கிடந்த இடத்தில், இருபத்து நான்கு வயதிலே அவர் நீதி வழங்கத் தொடங்கினார்.

முன்சீப்பு என்பது சிவில் நீதிமன்றங்களின் அடித்தட்டிலுள்ள பதவி. மன்றோவின் காலத்தில், 1816இல், விரிவாக்கப்பட்ட இவ்வமைப்பில் இந்தியருக்கு இடமளிக்கப்பட்டது. உயர்ந்த ஆசனங்களை ஆங்கிலேயர் தமக்கென வைத்துக்கொண்டு, மக்களோடு நேரடியாகத் தொடர்புடைய கீழ்த்தட்டு வழக்குகளைச் சுதேசிகளிடம் விட்டனர். இதன் காரணம் பெருந்தன்மையன்று. செலவுக் குறைவும் மொழிச் சிக்கலுமேயாம். ஆயினும் இவ்வேற்பாட்டின் விளைவு அவர்கள் எதிர்பார்த்ததினும் பெரிதாயிற்று. கடன்பத்திரம், வயலின் வரப்பு, பாகப்பிரிவினை, கோயில் உரிமை என வந்த வழக்குகளில் சாட்சிகள் தமிழிற் பேசினர். சட்டமோ ஆங்கிலத்தில் இருந்தது. இரண்டையும் ஒருங்கே அறிந்த ஒரு புதிய அறிவாளர் கூட்டம் இம்மன்றங்களில் உருவாயிற்று. தமிழின் முதல் நாவலாகிய 'பிரதாப முதலியார் சரித்திர'த்தை 1879இல் வெளியிட்ட மாயூரம் வேதநாயகம் பிள்ளையும் இக்கூட்டத்தைச் சேர்ந்தவரே. தரங்கம்பாடியிலும் பின்னர் மாயூரத்திலும் முன்சீப்பாக இருந்த அவர், உயர்மன்றத் தீர்ப்புகளைத் தமிழிற் பெயர்த்து நூலாக்கியமை, சட்டம் மக்கள் மொழியில் அறியப்படல் வேண்டும் என்னும் எண்ணத்தின் விளைவாகும். இவ்வகையில் வேதநாயகர் சட்டத்தைத் தமிழுக்குக் கொணர்ந்தார் எனின், முத்துசாமி ஐயர் தமிழ்நாட்டு வாழ்க்கையை ஆங்கிலத் தீர்ப்புகளுக்குள் கொண்டுசென்றார் எனலாம்.

1859இல் துணைக் கலெக்டராகவும், 1865இல் மங்களூரில் சார்பு நீதிபதியாகவும் ஐயர் பணியாற்றினார். மங்களூர்ப் பகுதியில் தாய்வழிச் சொத்துரிமையைப் பின்பற்றும் சமூகங்களின் வழக்குகளை விசாரிக்கும் வாய்ப்பு அவருக்குக் கிட்டிற்று. 1868இல் சென்னைப் போலீஸ் நீதவானாகப் பதவியேற்றார். பதவியில் இருந்துகொண்டே சென்னைப் பல்கலைக்கழகத்தின் சட்டப் பட்டத்தைப் பெற்றதும், மூல நூல்களைத் தாமே படிக்கும் பொருட்டு வடமொழியைப் பயின்றதும் அவரது கற்றலார்வத்திற்குச் சான்றுகளாம். இக்காலத்தைப் பற்றிய செய்தியொன்று வழிவழியாகக் கூறப்பட்டு வருகிறது. தமது வளவினுள் நுழைந்த இந்தியன் ஒருவனை உயர்நீதிமன்றத்து ஆங்கிலேய நீதிபதியொருவர் அடித்துவிட்டார். வழக்கு ஐயரிடம் வந்தது. நேரில் வருவதிலிருந்து அந்நீதிபதிக்கு விலக்களிக்குமாறு மேலிருந்து கூறப்பட்டபோதும் அதற்கிணங்காது அழைப்பாணை விடுத்து, குற்றவாளியெனக் கண்டு 3 ரூபா அபராதம் விதித்தார் என்பது அச்செய்தி. தொகை அற்பமானதே. ஆனால் துரையும் கூலிக்காரனும் ஒரே மன்றில், ஒரே சட்டத்தின்முன் நிற்கலாம் என்னும் எண்ணம் அக்கால மக்களுக்கு எவ்வளவு அரிதாகத் தோன்றியிருந்தால் அச்செய்தியை இத்தனை காலம் போற்றிப் பாதுகாத்திருப்பர் என்பதே எண்ணத்தக்கது. அதன்பின் சென்னைச் சிறுவழக்கு நீதிமன்றத்தில் நீதிபதியாக இருந்த ஐயர், அங்கிருந்தே உயர்நீதிமன்றத்திற்கு அழைக்கப்பட்டார்.

1878ஆம் ஆண்டு

1861ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி 1862இல் கல்கத்தா, பம்பாய், சென்னை ஆகிய மூன்று நகரங்களிலும் உயர்நீதிமன்றங்கள் நிறுவப்பட்டன. கல்கத்தாவில் 1863இலேயே சம்புநாத் பண்டிதர் நீதிபதியானார். சென்னை மேலும் பதினைந்து ஆண்டுகள் காத்திருந்தது. முத்துசாமி ஐயரின் நியமனத்தை ஆங்கிலேயர் நடத்திய பத்திரிகைகள் கடுமையாகத் தாக்கின. அத்தாக்குதலுக்கு மறுமொழி கூற இந்தியரிடம் ஆங்கிலப் பத்திரிகை இல்லை. அதே ஆண்டில் லிட்டன் பிரபு கொணர்ந்த சுதேச மொழிப் பத்திரிகைச் சட்டம், தாய்மொழி ஏடுகளின் வாயைக் கட்டிப்போட்டிருந்தது. இந்நிலையிலேதான் ஆசிரியர்களும் சட்ட மாணவர்களுமான ஆறு இளைஞர் ஒன்றுகூடி, 1 ரூபா 12 அணா கடன்பட்டு, 80 பிரதிகள் அச்சிட்டு, 1878 செப்டெம்பர் 20ஆம் திகதி 'தி ஹிந்து' என்னும் வாரப் பத்திரிகையை வெளியிட்டனர். அவர்களுள் ஒருவரான ஜி. சுப்பிரமணிய ஐயர் 1882இல் 'சுதேசமித்திரன்' என்னும் தமிழ் ஏட்டையும் தொடங்கினார். ஒரு நீதிபதியின் நியமனம் ஒரு பத்திரிகையைப் பிறப்பித்தது என்பதும், அப்பத்திரிகை ஓர் அரசியற் பொதுக்கருத்தையே உருவாக்கத் துணைசெய்தது என்பதும் தமிழக வரலாற்றில் மனங்கொள்ளத்தக்க நிகழ்ச்சிகளாம்.

ஆனால் 1878ஆம் ஆண்டுக்கு மற்றொரு முகமும் உண்டு. 1876இல் தொடங்கிய பெரும் பஞ்சம் சென்னை மாகாணத்தை மூன்றாம் ஆண்டாக வாட்டிக்கொண்டிருந்தது. பல்லாயிரவர் பட்டினியாலும் நோயாலும் மாண்டனர். உயிர்பிழைக்க எண்ணியோர் கங்காணிமாரின் பின்னே இலங்கைக்குப் புறப்பட்டனர். சென்னையில் ஒரு தஞ்சைத் தமிழர் நீதியாசனத்தில் ஏறியதும், தஞ்சையிலும் திருச்சியிலும் மதுரையிலுமிருந்து மக்கள் தோணிகளில் ஏறியதும் ஒரே காலத்து நிகழ்ச்சிகள். முன்னதைப் பாடநூல்கள் கூறுகின்றன. பின்னதை எம் பாட்டிமார் கூறினர்.

நீதியரசரின் பணி

உயர்நீதிமன்றத்தில் ஐயர் எதிர்கொண்ட பெரும் பிரச்சினை இந்து சட்டம் எது என்பதாகும். ஆங்கிலேய நீதிபதிகள் வடமொழித் தருமசாத்திரங்களின் மொழிபெயர்ப்புகளைக் கையிற் கொண்டு, அவையே எல்லா இந்துக்களுக்கும் உரிய சட்டமெனக் கருதித் தீர்ப்பளித்து வந்தனர். சென்னை மாகாணத்து அதிகாரியான ஜே. எச். நெல்சன் 1877இல் வெளியிட்ட நூலில் இதனை வன்மையாகக் கண்டித்தார். மறவர், கள்ளர் முதலிய தென்னாட்டுச் சமூகத்தினர் அச்சாத்திரங்களைக் கேள்விப்பட்டதேயில்லை என்பதும், அவர்தம் வழக்கங்களே அவர்க்குச் சட்டம் என்பதும் அவரது வாதம். இராமநாதபுரம் சமீன் தொடர்பான வழக்கில் 1868இல் பிரிவுக் கவுன்சிலும், தெளிவாக நிறுவப்பட்ட வழக்கம் எழுதப்பட்ட சாத்திரத்தினும் வலிமையுடையது எனக் கூறியிருந்தது. எனவே, வழக்கம் எது என்பதை அறிவோரே நல்ல நீதிபதியாக முடியும் என்னும் நிலை உருவாகியிருந்தது.

முத்துசாமி ஐயரின் தனித்தகுதி இங்கேயே வெளிப்படுகிறது. வடமொழி நூல்களை அவரால் மூலத்திலேயே படிக்க முடிந்தது. அதே வேளையில் கணக்கரின் உதவியாளராகவும் முன்சீப்பாகவும் ஊர் வாழ்க்கையை அடியிலிருந்தே கண்டிருந்தார். ஏட்டறிவும் நாட்டறிவும் ஒருவரிடத்தே கூடியமை அக்காலத்து ஆங்கிலேய நீதிபதிகளுக்கு வாய்க்காத பேறாகும். இந்துக் குடும்பச் சொத்துரிமை, மலையாள நாட்டுத் தறவாட்டு உரிமை ஆகியன பற்றிய அவரது தீர்ப்புகள் இந்தியச் சட்ட அறிக்கைகளின் சென்னைத் தொகுதிகளில் இடம்பெற்று, அவருக்குப் பிந்திய தலைமுறை வழக்கறிஞர்களால் மேற்கோளாக எடுத்தாளப்பட்டன. பிரதம நீதியரசர் சேர் சார்ள்ஸ் ரேணருடன் அவர் இணைந்து அமர்ந்த காலம், அம்மன்றத்தின் சிறப்புமிக்க காலங்களுள் ஒன்றாகக் கருதப்படுகிறது.

அவரது மனப்பாங்கைக் காட்டும் மற்றொரு நிகழ்ச்சி 1891ஆம் ஆண்டு மலபார்த் திருமண ஆணைக்குழு. மருமக்கட்டாயத்தைப் பின்பற்றும் மக்களிடையே நிலவிய சம்பந்தம் என்னும் உறவைச் சட்டபூர்வமான திருமணமாக ஏற்கலாமா என ஆராய்ந்த அக்குழுவுக்கு ஐயரே தலைவர். மக்களின் வழக்கத்தைச் சட்டத்தால் விரைந்து மாற்றுவதில் தயக்கம் கொண்டிருந்த அவர், தமது கருத்தைத் தனிக்குறிப்பாகவும் எழுதினார். பெண்களின் மறுமணத்தை ஆதரித்த சங்கத்தோடு தொடர்புடையவராயினும், மாற்றம் சமூகத்தின் உள்ளிருந்து வருவதே நன்று என எண்ணிய பழைமைச் சார்பும் அவரிடம் இருந்தது. அவரைப் புரட்சியாளராகக் காண முயல்வது வரலாற்றுக்குப் பொருந்தாது. வழக்கத்தை மதித்த அவ்வுள்ளம் ஒரு சமூகத்தை அந்நியச் சட்டத்திலிருந்து காக்கவும் கூடும். அச்சமூகத்தினுள்ளே நலிந்தோரின் நிலையை நீட்டிக்கவும் கூடும். இவ்விரு விளைவுகளையும் ஒருங்கே காண்பதே நேர்மையான ஆய்வாகும்.

1892இல் இந்து-இசுலாமியக் கட்டடக் கலைப்பாணியில் எழுந்த புதிய மாளிகைக்கு உயர்நீதிமன்றம் இடம்பெயர்ந்தது. 1893இல் மூன்று மாதங்கள் பதிற்கடமைப் பிரதம நீதியரசராக ஐயர் கடமையாற்றினார். அதே ஆண்டில் 'சேர்' பட்டமும் அவரை வந்தடைந்தது. 1895 ஜனவரி 25ஆம் திகதி, பதவியில் இருக்கும்போதே காலமானார். அவரது இடத்துக்கு மற்றோர் இந்தியரான எஸ். சுப்பிரமணிய ஐயர் நியமிக்கப்பட்டார். ஒருமுறை திறந்த கதவை மீண்டும் அடைக்க இயலவில்லை. மன்ற வளாகத்தில் நிறுவப்பெற்ற அவரது பளிங்குச் சிலை இன்றும் உள்ளது.

ஆனால் அக்கதவு எத்துணைக் குறுகியது என்பதையும் நோக்க வேண்டும். ஐயர் உயர்நீதிமன்றத்தில் இருந்தபோதே, 1883இல், மாவட்டங்களிலுள்ள இந்திய நீதவான்கள் ஐரோப்பியரை விசாரிக்க இடமளிக்கும் இல்பேட் மசோதா கொணரப்பட்டது. ஐரோப்பியர், குறிப்பாகத் தோட்ட முதலாளிமார், கொதித்தெழுந்தனர். ஐரோப்பியர் தம் இனத்தவரில் பாதிப் பேரைக் கொண்ட யூரியைக் கோரலாம் என்னும் விலக்குடன் மறு ஆண்டில் அது சட்டமாயிற்று. தனியொருவரை உயர்த்துவது வேறு. அதிகாரத்தின் அமைப்பை மாற்றுவது வேறு என்பதை அக்கிளர்ச்சி உணர்த்திற்று.

மலையகத்தில் சட்டம்

இனி இவ்வரலாற்றின் மறுபுறத்தை நோக்குவோம். முத்துசாமி ஐயர் மங்களூரில் சார்பு நீதிபதியாகிய அதே 1865இல் இலங்கையில் 11ஆம் இலக்கத் தொழிலாளர் கட்டளைச் சட்டம் இயற்றப்பட்டது. தோட்டத் தொழிலாளி மாதமுறை ஒப்பந்தத்துக்கு உட்பட்டவனாகக் கருதப்பட்டான். அவ்வொப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டியதில்லை. ஆனால் தக்க காரணமின்றி வேலைக்கு வராமை, சொற்கேளாமை, முன்னறிவித்தலின்றித் தோட்டத்தை விட்டு நீங்குதல் ஆகியன குற்றங்களாயின. அவற்றிற்கு மூன்று மாதம் வரை சிறைத்தண்டனை விதிக்கப்படலாம். கடனை உரிமையியல் வழக்காகக் கருதும் சட்டம், உழைப்பைக் கடனினும் கொடிய கட்டாக மாற்றிற்று. இதனோடு 'துண்டு' முறையும் சேர்ந்துகொண்டது. தொழிலாளியின் கடன் எவ்வளவு என்பதைக் குறித்த துண்டு இல்லாமல் வேறு தோட்டத்தில் வேலை பெறுவது அரிது. எம் மக்கள் பேச்சில் 'கோட்டு' என்றாலே அச்சம் தொனிப்பதற்கு இவ்வரலாறும் ஒரு காரணமாகலாம். தஞ்சை விவசாயிக்கு நீதிமன்றம் என்பது தன் வரப்பை மீட்கச் செல்லும் இடமாகவும் இருந்தது. தோட்டத் தொழிலாளிக்கோ அது தண்டனை பெறச் செல்லும் இடமாகவே பெரிதும் அமைந்தது.

இவ்விடத்தே ஒரு கற்பனையை முன்வைக்கலாம். முத்துசாமி ஐயர் சென்னையில் அமராது நுவரெலியாவில் நீதவானாக அமர்ந்திருந்தால் என்ன நிகழ்ந்திருக்கும்? சாட்சியைத் தமிழிலேயே கேட்டிருப்பார். கங்காணியின் சொல்லையும் துரையின் சொல்லையும் ஆராயாது ஏற்றிருக்கமாட்டார். பொய்ப் பிராதுகள் சில தள்ளுபடியாகியிருக்கும். ஆயினும் தொழிலாளி சொல்லாமற் போனது மெய்யெனில், அவரும் 1865ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ்த் தண்டிக்கவே வேண்டியிருந்திருக்கும். ஆசனத்தில் அமர்பவர் நல்லவராயின் சட்டத்தின் கூர்மை சற்றுக் குறையும். சட்டமே கூரியதாயின் அது வெட்டவே செய்யும்.

இதனை நன்கு உணர்ந்தவராகக் கூறத்தக்கவர் சேர் பொன்னம்பலம் அருணாசலம். போட்டிப் பரீட்சையின் மூலம் இலங்கைச் சிவில் சேவையில் 1875இல் நுழைந்த முதல் இலங்கையரான அவர், தம் பணியின் முற்பகுதியில் நீதவானாகவும் மாவட்ட நீதிபதியாகவும் கடமையாற்றினார். ஓய்வுபெற்ற பின்னர் நீதியாசனத்திலிருந்து செய்ய இயலாததை வெளியிலிருந்து செய்ய முனைந்தார். 1919இல் தொழிலாளர் நலவுரிமைச் சங்கத்தை நிறுவி, தோட்டத் தொழிலாளரைச் சிறைக்கு அனுப்பும் விதிகளை நீக்குமாறு வற்புறுத்தினார். மலையகத் தோட்டத்திற் பிறந்து கேம்பிரிட்ஜ் சென்று கற்ற பெரி. சுந்தரம் இப்பணியில் அவருக்குத் துணைநின்றார். இந்தியாவிலிருந்து எழுந்த நெருக்குதலும் சேர, 1921இல் அத்தண்டனை விதிகளும் துண்டு முறையும் ஒழிக்கப்பட்டன. பேராதனையில் அருணாசலத்தின் பெயர் தாங்கிய விடுதியிற் கால்வைக்கும் மலையக மாணவர் இதனை நினைத்தல் தகும்.

ஆசனமும் சட்டமும் மோதிய மற்றொரு வேளை குடியுரிமை வழக்கில் வந்தது. 1948ஆம் ஆண்டின் பிரசாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் மிகப் பெரும்பாலோரை நாடற்றோராக்கிற்று. வாக்காளர் இடாப்பிலிருந்து தம் பெயர் விலக்கப்பட்டதை எதிர்த்து கோடாக்கன் பிள்ளை என்பவர் முறையிட்டபோது, மீளாய்வு அலுவலராக இருந்த என். சிவஞானசுந்தரம் அச்சட்டம் செல்லாதெனத் தீர்மானித்தார். 1951இல் உயர் நீதிமன்றம் அத்தீர்மானத்தை மாற்றியது. 1953இல் பிரிவுக் கவுன்சிலும் உயர் நீதிமன்றத்தின் முடிவையே உறுதிப்படுத்திற்று. ஓர் அலுவலரின் நேர்மை அம்மக்களுக்குச் சில காலம் நம்பிக்கையளித்தது, சட்டம் நிலைத்துநின்றது. 1964இன் சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் மக்களை எண்ணிக்கைகளாகப் பங்கிட்டது. எஞ்சியிருந்தோருக்குக் குடியுரிமை வழங்கும் சட்டம் 2003இலேயே நிறைவேறிற்று. அதுவும் நீதிமன்றத்தால் அன்று. நீண்டகால அரசியற் போராட்டத்தால் விளைந்ததாகும்.

முடிவுரை

மேற்கூறியவற்றால் பெறப்படும் உண்மைகள் இரண்டு. முதலாவது, நீதியாசனத்தில் யார் அமர்கிறார் என்பது அற்ப விடயமன்று. மக்களின் மொழியையும் வழக்கத்தையும் அறிந்தவர் அமரும்போது தீர்ப்பின் தரம் உயர்கிறது என்பதற்கு முத்துசாமி ஐயரின் பதினேழாண்டுப் பணி அழியாச் சான்று. இரண்டாவது, ஆசனம் மட்டும் போதாது. சட்டத்தை இயற்றும் இடத்திலும் மக்களின் குரல் ஒலித்தல் வேண்டும். இவ்விரண்டுக்கும் முற்பட்டது பள்ளி.

ஐயர் சென்னையில் ஆங்கிலம் கற்ற நாளிலிருந்து அரைநூற்றாண்டுக்கும் மேல் கழிந்த பின்னரே, 1907ஆம் ஆண்டின் கட்டளைச் சட்டம் 6 முதல் 10 வயது வரையான தோட்டப் பிள்ளைகளுக்குக் கல்வி அளிக்கும் பொறுப்பைத் தோட்ட நிருவாகத்தின்மீது சுமத்திற்று. அப்பள்ளிகளை அரசு படிப்படியாகப் பொறுப்பேற்றது 1977 முதலாகும். இக்கால இடைவெளியை முயற்சியின்மை என்று கூறுவோர் வரலாறு அறியாதோராவர். உச்சுவாடிச் சிறுவனுக்கு நிகரான கூர்மதியுடைய பிள்ளைகள் எமது லயன்களிலும் பிறந்திருப்பர். ஆற்றுடைப்பைக் கணக்கிட்டதுபோல் கொழுந்தின் நிறையைக் கணக்கிடவும் அவர்கள் அறிந்திருப்பர். அவர்களைக் கண்டு, பள்ளிக்கு அனுப்ப ஒரு தாசில்தாரும் இல்லை. அனுப்புவதற்குப் பள்ளியும் இல்லை.

அன்று வகுப்பிலே கேள்வி கேட்ட என் நண்பன் சாதாரண தரப் பரீட்சைக்குத் தோற்றாமலே கொழும்பில் ஒரு கடையில் வேலைக்குச் சென்றான். தீபாவளிக்கு ஊர் வந்தபோது, இக்கட்டுரையை எழுதுவதாக அவனிடம் கூறினேன். "அந்த ஐயர் கதையா? அப்ப நான் கேட்டதுக்கு இப்பவாச்சும் பதில் கெடைச்சிச்சா?" என்றான். தெருவிளக்கு எல்லாத் தெருவிலும் தானாக முளைப்பதில்லை, அதனை யாரோ நட்டிருக்க வேண்டும் என்றேன். இரவு நாங்கள் பேசிக்கொண்டே லயத்துக்கு ஏறிய பாதையில் இப்போதும் விளக்கு இல்லை. அவனுடைய கைபேசியின் ஒளியிலேதான் படிகளைப் பார்த்து நடந்தோம்.